குருவிக்குச் சுட்ட பிஸ்கட்

எந்த டப்பாவைக் கையில் எடுத்தாலும், திறப்பதற்கு முன் அதைக் காதோடு வைத்து ஒரு குலுக்குக் குலுக்கிப் பார்ப்பாள் என் ஓரகத்தி. சர்க்கரை வழுக்கிக்கொண்டு சரியும். உலர்ந்த திராட்சை கட்டியாகப் புரண்டு தொப்பென்று விழும். ஓட்ஸ் காய்ந்த சருகுபோலச் சலசலக்கும். சத்தம் சரியாக இருந்தால்தான் மூடியைத் திறப்பாள். நான் இந்த வீட்டுக்கு மருமகளாக வந்த நாள் முதல் இதைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். அவளுக்கே அந்தப் பழக்கம் இருப்பது தெரியாது. ஒருநாள் சொன்னேன். "போடி, டப்பாவுக்கு நாடி பிடிக்க நான் என்ன டாக்டரா?" என்று சிரித்துவிட்டு அடுத்த டப்பாவை எடுத்துக் காதோடு வைத்தாள்.

எங்கள் வீட்டில் டப்பாவுக்குப் பெயர் எழுதி ஒட்டும் வழக்கம் கிடையாது. எல்லாம் ஒரே அளவுத் தகர டப்பாக்கள். அவள் முன்பு வேலை பார்த்த பேக்கரியில் கழித்துப் போட்டவை. மூடிதான் அடையாளம். சிவப்பு மூடி ஓட்ஸ். பச்சை மூடி சர்க்கரை. கறுப்பு மூடி திராட்சை. மூடிகள் எங்கெங்கிருந்தோ வந்து சேர்ந்தவை. சிலவற்றைக் கரண்டிக் காம்பால் நெம்பித்தான் திறக்க வேண்டும், சில லொடலொடவென்று ஆடும். அதைப் பற்றி யாரும் கவலைப்பட்டதில்லை. நிறம் தெரிந்தால் போதும்.

ஓரகத்தி என்று எழுதுகிறேனே தவிர, அவளை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். என் கணவரின் அண்ணன் மனைவி. பெரிய உடம்பு, அதைவிடப் பெரிய குரல். அவள் அடுக்களையில் சிரித்தால் தெருமுனையில் நிற்பவர் திரும்பிப் பார்ப்பார். நான் நேர் எதிர். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவள். நாலு பேர் முன்னால் நின்றால் பேச்சு வராது. அதனால் அக்கா எனக்கு வைத்த பெயர் மௌனச்சாமி. என் கணவருக்குக் கப்பலில் வேலை, வருவார், போவார். மற்ற நாளெல்லாம் நான் அக்காவோடுதான்.

அக்கா பேக்கரியில் சேர்ந்தது தட்டுக் கழுவுவதற்கு. தட்டைக் கழுவிக்கொண்டே மாவு பிசைபவர் கையைப் பார்த்துக்கொண்டிருப்பாளாம். முதலாளி கடையை மூடியபோது அந்தப் பழைய ஓவனை எடுத்துப்போக ஆளில்லை. அக்கா அதைத் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு, வண்டிக்காரரோடு தானும் தள்ளிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தாள். அதன் கதவு நிற்காது. ஒரு மர நாற்காலியை முட்டுக்கொடுத்துத்தான் சுட வேண்டும். அவள் சுட்ட முதல் பிஸ்கட்டை மாமா, அதாவது அவள் கணவர், ஆடிக்கொண்டிருந்த மேசைக் காலுக்கு அடியில் வைத்தார். "நல்லாத்தான் இருக்கு. மேசை இப்ப ஆடல" என்றார். அந்த மேசைதான் இன்றும் இருக்கிறது. பிஸ்கட்டும் கொஞ்ச காலம் இருந்தது.

பிறகு கை பழகிவிட்டது. ஓட்ஸில் பாதியை அரைத்து மாவாக்கி, பாதியை முழுசாக விட்டு, இரண்டையும் கலந்து வைத்துக்கொள்வாள். திராட்சையை வெந்நீரில் ஊறவைத்து, பிழிந்து, துணியில் பரப்புவாள். வெண்ணெயும் பழுப்புச் சர்க்கரையும் சேர்ந்து நிறம் வெளுக்கும்வரை அடிப்பாள். பட்டைத்தூள் போட்டதும் வீடே மணக்கும். ஓரம் மொறுமொறுவென்றும் நடு மெத்தென்றும் வரும். ஆபீஸ்களுக்கும் டீக்கடைகளுக்கும் எங்கள் வீட்டிலிருந்து போக ஆரம்பித்தது.

குருவி வந்தது அப்போதுதான். குருவி மாடி வீட்டுப் பெண் குழந்தை. அவள் அம்மா தையல் கம்பெனியில் வேலை பார்க்கிறவள். அப்பா இல்லை. அந்தக் குழந்தைக்கு முந்திரி, பாதாம், கடலை எதுவும் ஆகாது. ஒருமுறை யாரோ கடையில் வாங்கிக் கொடுத்த கேக்கைத் தின்று உதடு வீங்கி, மூச்சுக் குழல் அடைத்து, ஆஸ்பத்திரியில் நீலம் பாரித்துக் கிடந்ததைத் தையல்காரி எங்களிடம் சொன்னாள். சொல்லும்போது அவள் கை தானாகத் தன் கழுத்தைப் பிடித்துக்கொண்டது. அதற்குப் பிறகு கடைப் பண்டம் எதுவும் அந்தக் குழந்தை வாயில் பட்டதில்லை. பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் தின்பதைப் படிக்கட்டில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கும்.

அதைப் பார்த்துத்தான் அக்கா அன்றைக்கே வீட்டில் இருந்த கடலை, முந்திரி எல்லாவற்றையும் வெளியே கொடுத்தாள். டப்பா, தட்டு, கரண்டி, ஓவன் எல்லாவற்றையும் என்னை வைத்துத் தேய்த்தாள். என் நகம் தேய்ந்ததுதான் மிச்சம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தபோது மாடியைப் பார்த்துக் குரல் கொடுத்தாள்: "ஏம்மா மாடிப் பொண்ணு, இனிமே இந்த வாசப்படியைத் தாண்டி ஒரு பருப்பு உள்ள வராது. என் பிஸ்கட்டைக் குருவி தின்னலாம்!" தையல்காரி உடனே நம்பிவிடவில்லை. கீழே வந்து அடுக்களையை அலமாரி அலமாரியாகப் பார்த்துவிட்டுத்தான் சரி என்றாள். அக்காவுக்கு அது பிடித்திருந்தது. "பார்க்கட்டும். பார்க்கலேன்னாத்தான் நான் பயப்படுவேன்" என்றாள்.

பல வருஷம் அப்படியே போயிற்று. குருவி பள்ளிக்கூடம் போக ஆரம்பித்தது. அதன் பையில் அக்காவின் பிஸ்கட் இருக்கும். தையல்காரி டீச்சரிடம் சொல்லி வைத்திருந்தாள்: வேறு எதுவும் கொடுக்க வேண்டாம், இது மட்டும் சரி. அவசரத்துக்கு உடனே தொடையில் போட ஓர் ஊசியும் அவரிடம் கொடுத்து வைத்திருந்தாள்.

பிறகு மாமாவுக்கு வயிற்றில் ஆபரேஷன் நடந்தது. அவர் பஸ் டிப்போவில் மெக்கானிக். நல்ல உடம்பு, பாதியாக இளைத்துப் போனார். உடம்பு தேற வேண்டும், கொழுப்புள்ளதாகக் கொடுங்கள் என்றார் டாக்டர். மாமாவின் தங்கை முந்திரியைப் பொடித்துப் பெரிய பொட்டலமாகக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். அக்கா அந்தப் பொட்டலத்தைத் தொடாமல் சுற்றிச் சுற்றி வந்தாள்.

"இதை வீட்டுக்குள்ள வைக்க மாட்டேன்னு வாக்குக் கொடுத்திருக்கேன்."

"அப்ப என்னை வெளிய வெச்சிடு" என்றார் மாமா படுக்கையிலிருந்து.

கடைசியில் மருந்துபோல வைத்துக்கொள்வது என்று முடிவாயிற்று. முந்திரிப் பொடியை மாமாவின் ஓட்ஸில் கலந்து வெள்ளை மூடி போட்ட ஒரு டப்பாவில் படுக்கையறை அலமாரியில் பூட்டி வைத்தோம். அதற்கென்று தனிக் கரண்டி, தனிப் பாத்திரம். பின்பக்கத்துச் சின்ன அடுப்பில்தான் அவருக்குக் கஞ்சி. செய்கிற வேலை எனக்கு. செய்து முடித்துக் கையை முழங்கை வரை கழுவிய பிறகுதான் அடுக்களைக்குள் நுழைய விடுவாள் அக்கா. தையல்காரியிடமும் அவள் மறைக்கவில்லை. மேலே போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டு வந்தாள். தையல்காரி கொஞ்ச நேரம் யோசித்தாளாம். பிறகு, "நீங்க பார்த்துக்குவீங்கக்கா" என்றாளாம். அன்றைக்கு அவள் அலமாரியைப் பார்க்க வரவில்லை.

குருவிக்குப் பிறந்தநாள் வந்தது. வகுப்புக்கே பிஸ்கட் வேண்டும் என்று அது அடம் பிடித்தது. எல்லாப் பிள்ளைகளுக்கும் தன் கையால் கொடுக்க வேண்டுமாம். முந்தின நாள் பிற்பகல் நானும் அக்காவும் நல்ல திராட்சையாகப் பார்த்து வாங்கக் கடைத்தெருவுக்குப் போயிருந்தோம்.

மாமா வீட்டில் தனியாக இருந்தார். சும்மா உட்காரத் தெரியாத மனிதர். ஆபரேஷனுக்குப் பிறகு நடமாட ஆரம்பித்ததும் வீட்டில் உள்ள ஒவ்வொரு திருகாணியையும் முடுக்கிவிட்டார். கதவுக் கீல், குழாய், அக்காவின் மூக்குக் கண்ணாடி எதுவும் தப்பவில்லை. அன்றைக்கு அவர் கண் டப்பாக்கள் மேல் விழுந்திருக்கிறது. படுக்கையறையிலிருந்த தன் டப்பாவையும் கொண்டுவந்து எல்லாவற்றையும் மேசை மேல் வரிசையாக வைத்துக்கொண்டார். எந்த மூடி எந்த வாய்க்குச் சரியாகப் பொருந்துகிறது என்று ஒவ்வொன்றாக மாட்டிப் பார்த்தார். சிவப்பு மூடி தன் டப்பாவில் கச்சிதமாக உட்காருவதையும், தன் வெள்ளை மூடி அடுக்களை ஓட்ஸ் டப்பாவில் அசையாமல் நிற்பதையும் கண்டுபிடித்தார். மாற்றி மாட்டினார். பிறகு, இந்த வீட்டு மனிதர் ஆயிற்றே, மூடியின் நிறத்தைப் பார்த்தே சிவப்பு மூடி டப்பாவை அடுக்களையில் வைத்தார். வெள்ளை மூடி டப்பாவைப் படுக்கையறையில் வைத்துப் பூட்டினார். எங்களிடம் சொல்லிப் பெருமைப்பட நினைத்திருந்தாராம். நாங்கள் வருவதற்குள் மாத்திரை மயக்கத்தில் தூங்கிவிட்டார்.

மறுநாள் விடிந்ததும் அக்கா ஓவனை மூட்டினாள். நான் திராட்சைக் காம்பு ஆய்ந்துகொண்டிருந்தேன். அவள் சிவப்பு மூடி டப்பாவை எடுத்தாள், காதோடு வைத்தாள், குலுக்கினாள். சலசலத்தது. மூடியைத் திருப்பியதும், "அட, இன்னிக்கு மூடி நல்லாத் திறக்குதே" என்றாள். அடித்த வெண்ணெயில் பட்டைத்தூள் ஏற்கெனவே விழுந்திருந்தது. அந்த வாசனையில் வேறு எதுவும் மூக்குக்குத் தெரிய வழியில்லை.

"மாவு கொஞ்சம் நெகிழ்ச்சியா இருக்கேடி."

"வெண்ணெய் இளகியிருக்கும்க்கா" என்றேன்.

"ஆமா, புழுக்கம்தான்."

தட்டில் உருட்டி வைத்தோம். கதவுக்கு நாற்காலியை முட்டுக்கொடுத்துவிட்டு அக்கா அதன் மேலேயே உட்கார்ந்துகொண்டாள். வழக்கத்தைவிடக் கொஞ்சம் அகலமாகப் பரவி, பொன்னிறமாக வந்தன. "பார்த்தியா, பிறந்தநாள்னு அதுக்கும் தெரிஞ்சிருக்கு" என்றாள். நாங்கள் இருவரும் ஒன்றைக்கூட வாயில் போடவில்லை. குருவிக்குச் சுட்டதில் குருவி தின்னும் முன் யாரும் தொடுவதில்லை என்பது அக்கா வைத்த சட்டம்.

தையல்காரியும் குருவியும் இறங்கி வந்தார்கள். குருவி புதுச் சட்டை போட்டிருந்தது.

"பெரியம்மா, ஒண்ணு இப்பவே."

"உன் பிஸ்கட்டுதானே, எடுத்துக்கோ."

"கூடாது" என்றாள் தையல்காரி. "எல்லாருக்கும் குடுத்துட்டு அப்புறம்தான் நீ. அப்படித்தானே நேத்துப் பேசினோம்?"

குருவி முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டது. பெட்டியை இரண்டு கையாலும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நடந்தது. தையல்காரி திரும்பி, "வரேன்க்கா, லேட்டாச்சு" என்றாள். குழந்தையைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டு அவள் கம்பெனி பஸ்ஸைப் பிடிக்க வேண்டும்.

மாமா அன்று தாமதமாக எழுந்தார். நான் வெள்ளை மூடி டப்பாவிலிருந்து எடுத்துக் கஞ்சி வைத்துக் கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டுக் கிண்ணத்தைக் கீழே வைத்தார்.

"என்ன இது, சப்புன்னு இருக்கு?"

"ஆபரேஷன் பண்ணினது வயித்துலதானே? நாக்குல என்ன கேடு?" என்று அடுக்களையிலிருந்து அக்கா கேட்டாள்.

"நிஜமாத்தான் சொல்றேன். தண்ணி மாதிரி இருக்கு. முந்திரி போட மறந்துட்டீங்களா?"

"அது டப்பாவுலயே கலந்திருக்கு. மறக்கறதுக்கு என்ன இருக்கு?"

சொல்லிக்கொண்டே அக்கா தட்டுத் துடைத்துக்கொண்டிருந்தாள். துடைத்த கை நின்றது. நான் அவளைப் பார்த்தேன். அவள் துணியைப் போட்டுவிட்டுப் படுக்கையறைக்குள் போனாள். வெள்ளை மூடியைத் திறந்து விரலை நனைத்து ஓட்ஸில் தொட்டு நாக்கில் வைத்தாள். அடுக்களைக்கு வந்து சிவப்பு மூடியைத் திறந்து அதையும் நாக்கில் வைத்தாள். இரண்டாம் முறை வைத்தாள்.

"இந்த மூடியை யார் தொட்டது?"

"நான்தான்" என்றார் மாமா. முகத்தில் சந்தோஷம். "இத்தனை வருஷமா தப்பு மூடியைப் போட்டு வெச்சிருக்கீங்க. நேத்து எல்லாத்தையும் அதது வாய்க்குப் பொருத்தமா..."

அக்கா அவரைப் பார்த்த பார்வையில் அவர் பேச்சு நின்றது. பிறகு அவருக்கே புரிந்தது.

அக்கா போனை எடுத்தாள். பள்ளிக்கூட நம்பர் பிஸி. மறுபடி பிஸி. தையல்காரிக்குப் போட்டாள், மணி அடித்துக்கொண்டே இருந்தது. கம்பெனியில் உள்ளே போகும்போதே போனை வாங்கிப் பெட்டியில் பூட்டிவிடுவார்கள் என்பது எங்களுக்குத் தெரியும். தெரிந்தும் இன்னொரு முறை போட்டாள்.

"நீங்க விடாம அடிச்சுக்கிட்டே இருங்க" என்று போனை மாமா மடியில் போட்டாள். "வாடி."

வீட்டுப் புடவையோடு ஓடினோம். பள்ளிக்கூடம் ரயில் பாதைக்கு அந்தப் பக்கம். மேம்பாலப் படிக்கட்டு ஏறி இறங்க வேண்டும். தெருவில் குழாய் பதிக்கத் தோண்டியிருந்ததால் வண்டி எதுவும் உள்ளே வரவில்லை. அக்கா எனக்கு முன்னால் ஓடினாள். அந்த உடம்பை வைத்துக்கொண்டு அவள் ஓடியதை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. பாலத்துப் படிக்கட்டின் பாதியில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டாள். மூச்சு விசிலடித்தது.

"அக்கா!"

"என்னைப் பார்க்காத. ஓடு."

"நான் என்ன சொல்றது..."

"முந்திரி கலந்திருக்குன்னு சொல்லு. அது போதும். வாயைத் திறந்து கத்துடி!"

ஓடினேன். செருப்பு ஒன்று பாலத்திலேயே கழன்றுவிட்டது. மற்றதை நானே உதறிவிட்டேன். எல்லாருக்கும் கொடுத்த பிறகுதான் தான் தின்ன வேண்டும் என்று அம்மா சொன்னாளே, அந்த ஒன்றை மட்டும் நினைத்துக்கொண்டு ஓடினேன். வகுப்பில் நிறையப் பிள்ளைகள் இருக்க வேண்டும், பெட்டியைத் திறக்க நேரமாக வேண்டும், யாராவது பிடுங்கிக்கொள்ள வேண்டும், சண்டை வர வேண்டும். இப்படியெல்லாம்.

பள்ளிக்கூட வாசலில் காவலாளி நாற்காலியில் இருந்து எழுந்தார்.

"எங்கம்மா, இந்தக் கோலத்துல? கிளாஸ் நடக்குது. சாயங்காலம் வா."

எனக்கு வாய் திறந்தது, சத்தம் வரவில்லை.

"யாரைப் பார்க்கணும்? பேர் சொல்லு. சொல்லாம முழிச்சா எப்படி விடறது?"

"முந்திரி" என்றேன்.

"முந்திரியா? இது பள்ளிக்கூடம்மா, மளிகைக் கடை அடுத்த தெரு" என்றார். அவர் சிரிக்க ஆரம்பித்தபோது நான் கத்தினேன். என் குரல் அப்படி வரும் என்று எனக்குத் தெரியாது. "பிஸ்கட்டுல முந்திரி இருக்கு! பிறந்தநாள் குழந்தை தின்னா செத்துடும்!" அவர் சிரிப்பு போன வேகத்தில் கேட்டைத் திறந்தார். எனக்கு முன்னால் அவரே ஓடினார். எந்த வகுப்பில் பிறந்தநாள் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. அவர் கையிலும் குருவி ஒரு பிஸ்கட் கொடுத்துவிட்டுத்தான் உள்ளே போயிருக்கிறது.

வகுப்பில் பிள்ளைகள் வாயெல்லாம் துகளோடு சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்கள். குருவியை டீச்சர் ஜன்னலோரம் உட்கார வைத்து நோட்டால் விசிறிக்கொண்டிருந்தார். குழந்தை உதடு தடித்திருந்தது. கழுத்தில் திட்டுத் திட்டாகச் சிவப்பு. தொண்டையைச் செருமிக்கொண்டே இருந்தது.

"ஓடி விளையாடினதுல சூடு போல" என்றார் டீச்சர். "தண்ணி குடுத்தேன். ஆபீஸ்ல அவங்க அம்மாவுக்குப் போன் போட்டுக்கிட்டு இருக்காங்க."

"ஊசி போடுங்க. முந்திரி தின்னிருக்கா."

"இல்லியே. இந்த பிஸ்கட் மட்டும்தான். இது சரின்னு அவங்க அம்மாவே..."

"இது எங்க வீட்டு பிஸ்கட். நாங்கதான் செஞ்சோம். இதுல முந்திரி கலந்திருக்கு."

டீச்சர் என் முகத்தைப் பார்த்தார். பிறகு மேசை இழுப்பறையைத் திறந்தார். தையல்காரி கொடுத்து வைத்திருந்த ஊசி, தடித்த பேனா மாதிரி இருக்கும், அதை எடுத்தார். மூடி கழல மாட்டேன் என்றது. காவலாளி வாங்கிக் கழற்றிக் கொடுத்தார். நான் குருவியை மடியில் போட்டுக் காலை அழுத்திப் பிடித்துக்கொண்டேன். தொடையில் குத்தும்போது குழந்தை கத்தவில்லை. கத்த மூச்சு இல்லை. என் புடவையைப் பிடித்திருந்த கை மட்டும் இறுகியது.

ஆம்புலன்ஸ் வந்தது. அதை அழைத்தது மாமா என்று பிறகு தெரிந்தது. பள்ளிக்கூட லைன் கிடைக்காததால் அவர் நேராக ஆம்புலன்ஸுக்குப் பேசியிருக்கிறார். வாசலில் ஏற்றும்போது அக்கா வந்து சேர்ந்தாள். கதவு மூடுவதற்குள் ஒரு கையை உள்ளே நீட்டிக் குழந்தையின் பாதத்தைத் தொட்டாள்.

ஆஸ்பத்திரியில் குருவியை உள்ளே கொண்டுபோய்விட்டார்கள். வெளியே நீள பெஞ்சில் நாங்கள். அக்கா உட்காரவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். உதடு முணுமுணுத்துக்கொண்டே இருந்தது, என்ன சொன்னாள் என்று கேட்கவில்லை. ஒருமுறை நர்ஸ் வேகமாக வெளியே வந்து இன்னொரு மருந்தை எடுத்துக்கொண்டு வேகமாக உள்ளே போனாள். கதவு ஆடி நின்றது. அக்கா என் கையைப் பிடித்தாள். எனக்கு எலும்பு வலித்தது.

மாமா வயிற்றைப் பிடித்துக்கொண்டு வந்தார், யார் வண்டியிலோ தொற்றிக்கொண்டு. கம்பெனி ஆபீஸ் வழியாகச் சேதி கிடைத்து, தையல்காரி அவருக்குப் பின்னால் வந்தாள். கம்பெனி மேலங்கியைக் கழற்றாமல் வந்திருந்தாள். அதில் வெள்ளை நூல் துண்டுகள் ஒட்டிக்கொண்டிருந்தன.

"என்ன தின்னா?" என்று கேட்டாள். அக்காவைப் பார்த்துத்தான் கேட்டாள்.

"என் பிஸ்கட்" என்றாள் அக்கா. "முந்திரி கலந்த ஓட்ஸைப் போட்டுட்டேன்."

"மூடியை மாத்தினது..." என்று மாமா முன்னால் வந்தார்.

"நீங்க உட்காருங்க. தையல் பிரியப் போகுது" என்றாள் அக்கா, திரும்பாமல். பிறகு தையல்காரியிடம், "என் கையால எடுத்துப் போட்டேன். ருசி பார்க்காம அனுப்பினேன். வேற யார் மேலயும் தப்பில்ல."

தையல்காரி அவளை அடிப்பாள் என்று நினைத்தேன். அக்காவும் அப்படித்தான் நினைத்தாள் போல, அசையாமல் நின்றாள். தையல்காரி என் பக்கம் திரும்பினாள். "எத்தனை தின்னா?" என்று மட்டும் என்னைக் கேட்டாள். ஒன்றுகூட முழுசாகத் தின்னவில்லை என்று டீச்சர் சொன்னதைச் சொன்னேன். கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள்.

வெகுநேரம் கழித்து டாக்டர் வந்தார். முதல் ஊசி நேரத்துக்கு விழுந்ததால்தான் இவ்வளவோடு போயிற்று என்றார். இன்னும் சில மணி நேரம் பார்க்க வேண்டும், சிலருக்குத் திரும்பவும் வரும் என்றார். அந்தச் சில மணி நேரத்தில் அக்கா தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. திரும்பவும் வரவில்லை. சாயங்காலம் கதவு இடுக்கு வழியாகப் பார்த்தபோது குருவி படுக்கையில் உட்கார்ந்து, புதுச் சட்டையை எங்கே வைத்தீர்கள் என்று நர்ஸைக் கேட்டுக்கொண்டிருந்தது.

தையல்காரி வெளியே வந்தாள். கண் வீங்கியிருந்தது.

"கோபம் இல்லேன்னு சொல்ல என்னால முடியலக்கா."

"சொல்லாத" என்றாள் அக்கா. "சொன்னா நான் நம்ப மாட்டேன்."

அதற்குப் பிறகு எங்கள் வீட்டு ஓவன் பல வாரம் எரியவில்லை. அக்காவின் சிரிப்பு தெருமுனைக்குப் போகவில்லை. தையல்காரி படியில் எதிரே வந்தால் அக்கா சுவரோரம் ஒதுங்கி வழிவிடுவாள். குருவி "பெரியம்மா!" என்று மேலிருந்து கூப்பிடும். அக்கா கையை மட்டும் ஆட்டுவாள். டீக்கடைக்காரர்கள் ஆள் அனுப்பிக் கேட்டார்கள். "ஓவன் ரிப்பேர்" என்று சொல்லச் சொல்லிவிட்டாள். மெக்கானிக் வீட்டில் ஓவன் ரிப்பேர் என்றால் யார் நம்புவார்கள்?

மாமா முந்திரியைத் தொடுவதை நிறுத்தினார். அந்தப் பொட்டலம் வீட்டை விட்டே போயிற்று. ஒருநாள் காலையில், அக்கா குளிக்கப் போன நேரம் பார்த்து, கைப்பிடியைப் பிடித்துப் பிடித்து மாடி ஏறினார். திரும்பி வந்து என்னிடம் மட்டும் சொன்னார்: "நான்தான்னு சொல்லிட்டேன். உங்க அக்கா சும்மா சுமந்துக்கிட்டு இருக்கா."

"அவங்க என்ன சொன்னாங்க மாமா?"

"உட்காருங்கன்னாங்க. நான் உட்காரல."

அன்று சாயங்காலம் தையல்காரி இறங்கி வந்தாள். அக்கா அடுக்களையில் இருந்தாள். பழைய நாள்போல அலமாரியைப் பார்க்கத்தான் வந்திருக்கிறாள் என்று நினைத்து நான் கதவுகளைத் திறந்துவிட்டேன். அவள் அலமாரியைப் பார்க்கவில்லை.

"அக்கா, அவ பிஸ்கட் பிஸ்கட்னு உயிரை எடுக்கறா."

அக்கா கையைப் பிசைந்தாள். "இனிமே என் கையால அவளுக்குச் செய்ய மாட்டேம்மா. நீ கேட்டாலும் மாட்டேன்."

"நானும் கேக்கல. என்னால வாங்கிக் குடுக்க முடியாது." நான் திறந்துவிட்ட அலமாரிக் கதவைச் சாத்தினாள். "நான் செய்யறேன். என் வீட்டுல. நீங்க வந்து சொல்லுங்க."

"நான் உன் வீட்டுல எதையும் தொட மாட்டேன்."

"தொட வேண்டாம். உட்கார்ந்து சொல்லுங்க."

அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். "உனக்கு மாவு பிசையவே வராதே" என்றாள். "தையல் மிஷின்ல வெச்சு அடிச்சுடாத."

இப்போது அக்கா ஆபீஸ்களுக்கும் டீக்கடைகளுக்கும் மறுபடி சுட்டுக் கொடுக்கிறாள். மாடி வீட்டுக்கு எங்கள் அடுக்களையிலிருந்து எதுவும் போவதில்லை. தையல்காரி சின்னதாக ஓர் ஓவன் வாங்கியிருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் அக்கா புடவை மாற்றிக்கொண்டு மேலே போகிறாள். வாசலிலேயே கை கழுவிவிட்டு அடுக்களைக் கதவோரம் ஒரு நாற்காலியில் உட்காருகிறாள். எதையும் தொடுவதில்லை, வாயால் மட்டும் சொல்கிறாள். தையல்காரி செய்கிறாள். ஓரம் கொஞ்சம் கருகித்தான் வருகிறது. குருவி தின்கிறது.